எட்டுப் பேரின் வேகம்

அன்புள்ள அண்ணிக்கு,

நானும் அம்மாவும் நலம் என்று எழுதத்தான் உட்கார்ந்தேன். தன் முழங்காலைக் கேட்காமல் அப்படியெல்லாம் எழுதக் கூடாது என்று அடுப்படியிலிருந்து குரல் வருகிறது. ஆகவே நான் நலம். அம்மா முழங்காலுக்கு மேலே நலம், கீழேயும் நலம். அண்ணன் கப்பலிலிருந்து போட்ட கடிதம் செவ்வாய்க்கிழமை வந்து சேர்ந்தது. நீங்கள் உங்கள் தம்பி வீட்டுக்குப் போனது அவருக்கு இன்னும் தெரியாது. நீங்களே எழுதுகிறேன் என்று சொன்னதால் நாங்கள் வாயைத் திறக்கவில்லை. உங்களை உடம்பைப் பார்த்துக்கொள்ளச் சொல்லியிருக்கிறார். அதைப் படித்ததும் அம்மா என்னைப் பார்த்தார், நான் சுவரைப் பார்த்தேன்.

ஹோட்டல் சலவைக்கூடத்தில் வேலைக்குச் சேர்ந்துவிட்டதாக ஒரே ஒரு வரி எழுதியிருந்தீர்கள். ஒரு வரி எனக்கு எந்த மூலைக்குப் போதும்? அங்கே படுக்கை விரிப்பை ஒருவரே மடிக்கிறீர்களா, இரண்டு பேர் சேர்ந்தா? உருளை போட்டுத் தேய்க்கிற அந்தப் பெரிய இயந்திரத்தில் சூடு ஏறிவிட்டது என்று எப்படிக் கண்டுபிடிக்கிறார்கள், தண்ணீரைத் தெளித்துப் பார்த்தா? தேய்த்து வந்த துணியைத் தொடும்போது கை சுடாதா? விரிப்பு கசங்கியிருப்பதைப் பார்த்து அதில் படுத்த ஆள் எப்படிப்பட்டவர் என்று சொல்ல முடியுமா? இதையெல்லாம் உரக்கப் படித்துக்கொண்டே எழுதினேன். இப்படிக் கேள்வி கேட்கிறவளை எவன் கட்டிக்கொள்வான் என்று அம்மா தலையில் அடித்துக்கொண்டார். பதில் தெரிந்தவன் கட்டிக்கொள்ளட்டும் என்றேன்.

தொழிற்சாலைச் செய்திக்கு வருகிறேன். நீங்கள் போய் இன்றோடு ஏழு வாரம். மணிக்கு ஆளுக்கு நான்கு தட்டு என்று எழுதிய பலகை அதே ஆணியில்தான் தொங்குகிறது. இத்தனை வருடம் நாம் மூன்று தட்டுச் சோப்பைத் தாளில் சுற்றியவர்கள். ஒரு தட்டுக்கு எழுபத்திரண்டு சோப்பு. இன்னும் ஒரு எழுபத்திரண்டுதானே என்று கேட்கும்போது சின்னதாகத்தான் தெரிகிறது. அது எங்கிருந்து வருகிறது என்று ஒரு வாரம் கவனித்துப் பார்த்தேன். பேச்சிலிருந்து கொஞ்சம் வருகிறது. தண்ணீர் குடிக்கப் போவதிலிருந்து கொஞ்சம். மிச்சமெல்லாம் இடது பக்கத்துக்காரியின் தட்டிலிருந்து சோப்பை இழுத்துச் சுற்றிக்கொடுப்போமே, அதிலிருந்து வருகிறது. இப்போது யாரும் யாருக்கும் இழுப்பதில்லை. அவரவர் தட்டு அவரவருக்கே முடிவதில்லை.

இழுக்கிற வழக்கத்தை யார் தொடங்கினார்கள் என்று பெரியக்காவைக் கேட்டேன். வலது கோடியில் உட்காருகிறவர்தானே, மேசையிலேயே மூத்தவர், அவருக்குத் தெரிந்திருக்கும் என்று நினைத்தேன். அவர் வேலைக்குச் சேர்ந்தபோதே அப்படித்தான் இருந்ததாம். "எவளோ ஒருத்தி நிறைமாசமா உட்கார்ந்திருப்பா, அவளுக்காக ஆரம்பிச்சிருப்பாங்க. அவ போன பிறகும் நிறுத்த மறந்திருப்பாங்க" என்றார். எனக்கு அது பிடித்திருந்தது. பேர் தெரியாத ஒருத்திக்காக வலது பக்கத்துக்காரி இடது பக்கத்துத் தட்டில் கை போட்டாள். அதற்கப்புறம் எட்டுத் தட்டும் ஒன்றாக நிறைந்தன, எட்டுப் பேரும் ஒன்றாக எழுந்தோம். எந்தத் தட்டில் யார் கை பட்டது என்று யாருக்கும் தெரியவில்லை. சோப்பு வெட்டும் கம்பியில் உங்கள் கட்டைவிரல் மாட்டி, மடங்காத விரலோடு உங்களை நம் மேசையின் இடது கோடிக்கு மாற்றினார்களே, அப்போதும் அந்த வழக்கம் தயாராக இருந்தது. ஒன்பது வருடம் யாரும் அதைப் பற்றிப் பேசக்கூட இல்லை.

நம் வேலை வேகத்தை அளக்க வந்த கடிகாரக்காரர் இன்னும் இங்கேதான் இருக்கிறார். இப்போது பெட்டி கட்டும் பகுதியை அளக்கிறார். அவர் நம் கூடத்துக்கு வந்திருந்த நாட்களில் நீங்கள் தலையைக் குனிந்துகொண்டே இருந்தீர்கள். ஆகவே அவர் செய்வதையெல்லாம் நீங்கள் பார்த்திருக்க மாட்டீர்கள். கழுத்தில் கயிறு கட்டி ஒரு ஸ்டாப்வாட்ச். கையில் அட்டை, அதில் கட்டம் போட்ட தாள். உட்கார முக்காலியைத் தானே கொண்டுவருவார். ஒரு சோப்பைச் சுற்றுவதை அவர் ஏழு துண்டாக வெட்டி வைத்திருக்கிறார். தாள் எடுப்பது ஒன்று, சோப்பை நடுவில் வைப்பது ஒன்று, முன் மடிப்பு, பின் மடிப்பு, இரண்டு பக்கத்து மூலைகள், பசை, தட்டில் வைப்பது. பதினோரு வருடமாக ஒரே வேலை செய்கிறேன் என்று நினைத்திருந்தேன். ஏழு வேலை செய்திருக்கிறேன்.

அவர் கெட்ட மனிதர் இல்லை அண்ணி. கேட்டால் பதில் சொல்கிறார். உங்களை யார் அளக்கிறார்கள் என்று ஒரு நாள் கேட்டேன். சிரித்துவிட்டுப் போய்விட்டார். அரை மணி நேரம் கழித்துத் திரும்பி வந்து, ஒரு நாளைக்குப் பன்னிரண்டு தாள் நிரப்பிக் கொடுக்க வேண்டும், குறைந்தால் ஏன் என்று எழுதிக் கொடுக்க வேண்டும் என்றார். அதைச் சொல்லத்தான் திரும்பி வந்திருக்கிறார், பாவம்.

இன்னொரு செய்தி. போன வாரம் கடைகளிலிருந்து நாற்பது பெட்டி திரும்பி வந்துவிட்டது. உறையெல்லாம் எண்ணெய்க் கறை. சூப்பர்வைசர் உலர்த்தும் அறைக்காரர்களைத் திட்டினார். அவர்கள் தாளைக் குறை சொன்னார்கள். தாள் வாங்குகிறவர் மழையைக் குறை சொன்னார். எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. மத்தியானம் சங்கு ஊதியதும் திரும்பி வந்த பெட்டிகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பிரித்தேன். சோப்பு காயவில்லை. காயாத சோப்பு எப்போதும் தட்டுக்குப் பத்து வரத்தான் செய்யும். நாம் தாளில் வைப்பதற்கு முன்னால் விரலால் ஒரு தட்டுத் தட்டுவோமே, சத்தம் மந்தமாக இருந்தால் ஒதுக்கிவிடுவோமே, அதை இப்போது யாரும் செய்வதில்லை. கடிகாரக்காரரின் தாளில் அந்தத் தட்டலுக்கு எதிரே வீண் அசைவு என்று எழுதியிருக்கிறது. ஒரு தட்டலுக்கு அரை வினாடி. அந்த அரை வினாடியையும் சேர்த்துப் பிடித்துத்தான் நான்கு தட்டு.

இதைப் பெரியக்காவிடம் சொன்னேன், அவர் சங்கத்தில் சொன்னார், சங்கத்தார் மேனேஜர் அறைக்குப் போயிருக்கிறார்கள். மறுபடி அளக்கச் சம்மதிப்பார்கள் போலத் தெரிகிறது.

டைம் ஆபீஸ் குமாஸ்தாவையும் பார்த்தேன். நீங்கள் விலகல் தாளில் கையெழுத்துப் போடாமல் போய்விட்டீர்கள். அதனால் மூன்று மாதம் வரை உங்களை விடுப்பில் வைத்திருக்க வேண்டுமாம். தினமும் காலையில் உங்கள் பெயருக்கு நேராக ஒரு சின்னக் கோடு இழுக்கிறார். கோடு விழுகிறவரை இடம் இருக்கிறது, இன்னும் ஐந்து வாரம். அதற்குள் நீங்கள் திரும்பி வந்துவிட வேண்டும் என்பதுதான் அம்மாவுக்கும் எனக்கும். ஏன் வரமாட்டேன் என்கிறீர்கள் என்பதையாவது எழுதுங்கள். பெரியவர்களுக்கும் உங்கள் தம்பிக்கும் என் வணக்கம்.

இப்படிக்கு
நீங்கள் வைத்த பெயரே நிலைத்துவிட்ட உங்கள் நாத்தனார்,
துருவி

*

அன்புள்ள அண்ணிக்கு,

உங்கள் பதில் நேற்று வந்தது. அம்மா படிக்கச் சொன்னார். படித்தேன். நடுவில் நான்கு வரியை மட்டும் விட்டுவிட்டேன். அம்மா கவனித்தாரா என்று தெரியவில்லை, முழங்காலைத் தடவிக்கொண்டிருந்தார்.

நான் விட்ட வரிகள் இவை. "என் ஒரு விரலுக்காக ஏழு பேர் கையைக் கட்டிக்கொண்டிருந்தீர்கள். அந்த ஆள் அதைக் கண்டுபிடித்துவிட்டார். மேசைக்கு நான்கு தட்டு வந்ததே என்னால்தான். எந்த முகத்தோடு அங்கே வந்து உட்காருவேன்?"

அண்ணி, உங்கள் முகத்துக்கு ஒரு குறையும் இல்லை. நான்கு தட்டு வந்தது என்னால். இதை நேரில் சொல்லும் தைரியம் இல்லாததால் ஒன்பது வாரமாகச் சொல்லவில்லை. எழுதும் தைரியமும் நேற்றுவரை இல்லை. போன கடிதத்தில் கடிகாரக்காரரைப் பற்றி அவ்வளவு எழுதினேன், இதை மட்டும் எழுதவில்லை. இப்போது எழுதுகிறேன், தயவுசெய்து முழுவதும் படியுங்கள்.

கடிகாரக்காரர் வரப் போகிறார் என்று தெரிந்ததுமே பெரியக்கா நம் எல்லாரையும் குழாயடிக்குக் கூப்பிட்டுச் சொன்னது உங்களுக்கு நினைவிருக்கும். யாரும் மேசை வேகத்தை விட்டு ஒரு விரல்கூட முந்தக் கூடாது, அவர் பார்த்தாலும் பார்க்காவிட்டாலும். நானும் தலையாட்டினேன். மூன்று நாள் அப்படியே செய்தேன். அவருடைய தாளில் மூன்று தட்டு, மூன்று தட்டு, மூன்று தட்டு என்று ஒழுங்காக விழுந்தது.

நான்காம் நாள் மத்தியானம் எல்லாரும் சாப்பாட்டுக்குப் போய்விட்டீர்கள். நான் கை கழுவ மறந்து திரும்பி வந்தேன். அவர் முக்காலியில் தனியாக உட்கார்ந்து டப்பாவைத் திறந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தார். ஸ்டாப்வாட்ச் மேசை மேல் இருந்தது. அதைப் பார்க்கலாமா என்று கேட்டேன். எடுத்துக் கொடுத்தார். எவ்வளவு கனம் என்று கையில் வைத்துப் பார்த்தேன். பொத்தானை ஒரு முறை அமுக்கினேன், முள் ஓடியது. மறுபடி அமுக்கினேன், நின்றது. அந்த நேரத்தில்தான் அண்ணி என் புத்தி போயிற்று.

பதினோரு வருடம் சோப்புச் சுற்றுகிறேன். என் கை எவ்வளவு வேகமாகப் போகும் என்று எனக்கே தெரியாது. மேசை வேகம் தெரியும். பண்டிகைக்கு முன்னால் வேலை குவிகிறபோது நாம் எல்லாரும் சேர்ந்து ஓட்டுகிற வேகம் தெரியும். ஆனால் எனக்கென்று, பக்கத்தில் யாரும் இல்லாமல், எவ்வளவு? தெரிந்துகொள்ள வேண்டும் போல இருந்தது. வேறு எதுவும் இல்லை. மேனேஜரிடம் நல்ல பேர் வாங்க வேண்டும் என்றோ, மற்றவர்களைவிட ஒசத்தி என்று காட்ட வேண்டும் என்றோ நினைக்கவே இல்லை. இதை நீங்கள் நம்ப வேண்டும்.

ஒரு நிமிடம் பார்த்துச் சொல்லுங்கள், எழுதிவிடாதீர்கள், சும்மா எனக்காக என்று கேட்டேன். அவர் பேனாவை மூடிச் சட்டைப்பையில் செருகிக்கொண்டார். "எழுதலைம்மா, செய்ங்க" என்றார். செய்தேன். எனக்கு அந்த ஒரு நிமிடம் முழுவதும் நினைவிருக்கிறது. தாள் தானாக வந்து கையில் ஒட்டியது. மூலைகள் பார்க்காமலே மடிந்தன. தட்டிப் பார்க்கக்கூட இல்லை. சந்தோஷமாக இருந்தது அண்ணி. மறைப்பானேன், இதையும் சொல்லிவிடுகிறேன். என் கை இவ்வளவு தூரம் போகும் என்று இத்தனை வருடம் எனக்கு யாரும் சொல்லவில்லையே என்றுகூட நினைத்தேன். அவர் முள்ளை நிறுத்தினார். எத்தனை என்று எண்ணினார். மறுபடி ஒரு முறை எண்ணினார். பிறகு என் முகத்தைப் பார்க்காமல் டப்பாவை மூடிவிட்டார், பாதிச் சாப்பாடு உள்ளேயே இருந்தது.

மறுநாள் முக்காலியை நம் முன்னாலிருந்து தூக்கிப் பின்னால் போட்டுக்கொண்டார். தட்டுகளை விட்டுவிட்டார். நம் முழங்கைகளையே பார்த்தார். எந்தக் கை எங்கே நிற்கிறது, எந்தக் கை இடது பக்கம் போகிறது என்று பார்த்தார். உங்கள் தட்டில் என் கை போனதை அப்போதுதான் முதல் தடவையாகப் பார்த்தார். அடுத்த வாரம் பலகை தொங்கியது.

போன வாரம் அவரைத் தேடிப் போய்க் கேட்டேன், எழுதமாட்டேன் என்றீர்களே என்று. அவர் பழைய கட்டுகளையெல்லாம் பிரித்து அந்த நாளின் தாளை எடுத்துக் காட்டினார். அந்த மத்தியானத்துக்கு ஒரு கோடுகூட இல்லை. சொன்ன சொல்லைக் காப்பாற்றியிருக்கிறார். "எழுதலைம்மா. ஆனா பார்த்துட்டேனே. பார்த்ததைப் பார்க்காத மாதிரி எப்படி அளக்கிறது?" என்றார். இதற்குப் பதிலை நீங்கள் யோசித்துச் சொல்லுங்கள்.

நான் சொல்லாமல் இருந்த சமயங்களையும் எழுதிவிடுகிறேன். பலகை தொங்கிய அன்று சொல்லவில்லை. ஒன்பது நாள் நீங்கள் மூன்றாவது தட்டோடு திணறியபோது சொல்லவில்லை. சூப்பர்வைசர் உங்களை அறைக்குக் கூப்பிட்டு, சோடாக் காரம் கலக்கும் பகுதிக்குப் போகிறீர்களா என்று கேட்டு அனுப்பினாரே, அன்று மாலை வீட்டுக்கு நடந்து வந்தபோதும் சொல்லவில்லை. காரத்தில் அந்த விரல் என்ன ஆகும் என்று தெரிந்தும் வாயைத் திறக்கவில்லை. நீங்கள் துணிகளை அடுக்கியபோது இரும்புப்பெட்டியின் மூடி நிற்கவில்லை. நான்தான் பிடித்துக்கொண்டிருந்தேன். "நீ நல்லா வேகமா செய்றே, இனிமே என்னை நினைச்சு நிறுத்தாதே" என்றீர்கள். மூடியைப் பிடித்தபடி சரி அண்ணி என்றேன்.

திங்கட்கிழமை மேசையில் எல்லாரிடமும் சொல்லிவிட்டேன். உங்களிடம் முதலில் சொல்லியிருக்க வேண்டும், ஆனால் உங்களுக்கு எழுத உட்காரும்போதெல்லாம் கை ஓடவில்லை, அங்கே சொன்ன பிறகுதான் ஓடுகிறது. யாரும் கத்தவில்லை. கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். பசைக் கிண்ணம் எனக்கும் பக்கத்துக்காரிக்கும் பொது, அதை அவள் நகர்த்தித் தன் பக்கம் வைத்துக்கொண்டாள். பெரியக்கா கையிலிருந்த சோப்பைச் சுற்றித் தட்டில் வைத்தார். கடைசியில் சொன்னார்: "உன் வேகம் தெரிஞ்சுக்கணும்னா எங்ககிட்டே கேட்டிருக்கலாமேடி. ஏழு பேரும் உட்கார்ந்து எண்ணிச் சொல்லியிருப்போமே." அண்ணி, அது எனக்குத் தோன்றவே இல்லை. எத்தனையோ பேரிடம் எத்தனையோ கேட்டிருக்கிறேன். இதை உங்களிடம் கேட்கலாம் என்று தோன்றவில்லை. அன்று முழுவதும் அதையே நினைத்து அழுதேன்.

இப்போது முக்கியமான விஷயம். இருபதாம் தேதி காலை மறுபடி அளக்கிறார்கள். நாற்பது பெட்டி எண்பதாகிவிட்டது, அதனால்தான் இறங்கி வந்திருக்கிறார்கள். சங்கத்தார் வாதாடி இரண்டு விஷயம் வாங்கியிருக்கிறார்கள். தட்டிப் பார்ப்பதையும் வேலையில் ஒரு துண்டாகச் சேர்க்க வேண்டும். ஆளுக்கு ஆள் அளக்காமல் மேசையை மொத்தமாக அளக்க வேண்டும். ஆனால் மேசை என்றால் பதிவேட்டில் பெயர் இருக்கும் எட்டுப் பேர். எட்டாவது இடம் காலியாக இருந்தால் மேனேஜர் தன் விருப்பப்படி ஒருவரை உட்கார வைப்பார். பெட்டிப் பகுதியிலிருந்து ஒருத்தியைத் தேர்ந்து வைத்துவிட்டதாகப் பேச்சு. அவள் மின்னல் மாதிரிச் சுற்றுகிறவளாம், என்னைவிட. அவள் உட்கார்ந்தால் நான்கு தட்டு நிலைத்துவிடும். அன்றே உங்கள் பெயரையும் அடித்துவிடுவார்கள்.

நீங்கள் வந்தால் நடப்பது வேறு, உங்கள் கையும் சேர்ந்துதான் மேசையின் அளவு. ஆனால் உங்களை எதற்குக் கூப்பிடுகிறேன் என்று எனக்குத் தெரியும். மேனேஜர், சூப்பர்வைசர், சங்கத்தார், கடிகாரக்காரர் எல்லாரும் சுற்றி நிற்க, நீங்கள் ஒன்பது வருடம் தாளுக்கு அடியில் மறைத்து வைத்திருந்த விரலை வெளியே வைத்து வேலை செய்யச் சொல்கிறேன். அதுவும் நான் செய்த தவறைச் சரிசெய்வதற்காக. இப்படிக் கேட்க எனக்கு என்ன உரிமை என்று நீங்கள் கேட்டால் ஒன்றும் இல்லை. மேசையில் இருக்கும் மற்ற ஆறு பேருக்கு உண்டு. அவர்கள் கேட்கச் சொல்லவில்லை. பெரியக்கா, அவளைத் தொந்தரவு செய்யாதே, வேலை கிடைத்த இடத்தில் நிம்மதியாக இருக்கட்டும் என்றுதான் சொன்னார். நானாகத்தான் கேட்கிறேன்.

வராவிட்டாலும் ஒன்று மட்டும் செய்யுங்கள். அந்த விரலைத் திட்டாதீர்கள். உங்கள் தட்டிலிருந்து ஒரு சோப்புகூடக் கடையிலிருந்து திரும்பி வந்ததில்லை. வாருங்கள் என்று எழுதக் கை கூசுகிறது. வராதீர்கள் என்று எழுதவும் மனம் வரவில்லை. தாழ்மையுடன்,

துருவி

*

துருவிக்கு,

உன் கடிதம் கிடைத்து ஐந்து நாள் ஆகிறது. நான்கு நாள் பதில் எழுதக் கூடாது என்று இருந்தேன். ஐந்தாம் நாள், நீ முதல் கடிதத்தில் கேட்டிருந்தவைக்குக்கூட நான் பதில் எழுதவில்லை என்பது நினைவுக்கு வந்தது. முதலில் அதை முடித்துவிடுகிறேன்.

விரிப்பை இரண்டு பேர் மடிக்கிறோம். என் எதிரில் நிற்கிறவள் அவசரக்காரி, முதல் வாரம் மூலையோடு மூலை சேரவே இல்லை. இப்போது பரவாயில்லை, அவளும் நிற்கிறாள், நானும் ஓடுகிறேன். உருளையில் தண்ணீர் தெளித்துத்தான் சூடு பார்க்கிறார்கள். கை சுடும், பத்து நாளில் பழகிவிடும். விரிப்பைப் பார்த்து ஆளைச் சொல்ல முடியாது. குளியல் துண்டைப் பார்த்துச் சொல்லலாம். சிலர் அதில் செருப்பைத் துடைக்கிறார்கள்.

இனி உன் இரண்டாவது கடிதம். கோபம் வந்தது. இப்போதும் இருக்கிறது, இல்லை என்று எழுதி உன்னை ஏமாற்ற மாட்டேன். நீ கடிகாரத்தைக் கேட்டு வாங்கிப் பார்த்தாய் என்பதில் எனக்குக் கோபம் இல்லை. அதைக் கேட்காமல் இருந்திருந்தால்தான் உனக்கு உடம்பு சரியில்லையோ என்று பயந்திருப்பேன். பெட்டி மூடியைப் பிடித்துக்கொண்டிருந்தேன் என்று எழுதியிருந்தாயே, அந்த இடம் வந்ததும் கடிதத்தை மடித்து வைத்துவிட்டேன். மீதியை மறுநாள்தான் படித்தேன். ஒன்பது வாரம் தினமும் இந்த விரலைத் திட்டியிருக்கிறேன். தம்பி வீட்டில் அதை ஒரு துணியால் சுற்றி வைத்திருந்தேன், வலிக்கிறதா என்று கேட்டார்கள், ஆமாம் என்று பொய் சொன்னேன். அந்த ஒன்பது வாரத்தை உன்னால் திருப்பித் தர முடியாது. அது உனக்கும் தெரியும்.

ஆனால் உன் கடிதத்தைப் படித்த அன்று சாயங்காலம் அந்தத் துணியை அவிழ்த்துவிட்டேன். அதையும் சொல்ல வேண்டும்.

பத்தொன்பதாம் தேதி காலை ரயிலில் வருகிறேன். இங்கே மூன்று நாள் விடுமுறை கேட்டிருக்கிறேன். அதற்கப்புறம் இங்கேயா அங்கேயா என்பதை இருபதாம் தேதி முடிந்த பிறகு பார்த்துக்கொள்ளலாம். அம்மாவிடம் சொல், சமைத்துக் குவிக்க வேண்டாம் என்றும் சொல். உன் அண்ணனுக்கு நான் எழுதிவிட்டேன், எல்லாவற்றையும் எழுதினேன், உன்னைப் பற்றியும். அவர் என்ன எழுதுகிறாரோ அதை நீ வாங்கிக்கொள்ளத்தான் வேண்டும்.

என் தட்டிலிருந்து நீ சோப்பு இழுப்பதைப் பற்றி ஒரு வார்த்தை. இத்தனை நாள் சூப்பர்வைசர் திரும்பும் நேரமாகப் பார்த்து, மறைத்து இழுத்தாய். நானும் தெரியாதவள் போல வேறு பக்கம் பார்த்துக்கொண்டேன். உனக்கு நன்றி சொன்னதும் இல்லை, வேண்டாம் என்று சொன்னதும் இல்லை. இருபதாம் தேதி அப்படிச் செய்யாதே. கடிகாரக்காரர் பார்க்கும்படி இழு. மேனேஜர் முகத்துக்கு நேராகக் கையை நீட்டி இழு. அவர் தாளில் ஏழு துண்டு இருக்கிறதல்லவா, தட்டிப் பார்ப்பதோடு எட்டு. பக்கத்துத் தட்டில் கை போடுவதை ஒன்பதாவதாக எழுதிக்கொள்ளச் சொல். அதற்கும் நேரம் ஆகும், அதுவும் வேலைதான். என் விரலை நானும் தாளுக்கு அடியில் வைக்கப் போவதில்லை. யார் எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் பார்த்துக்கொள்ளட்டும்.

பசைக் கிண்ணம் பற்றிக் கவலைப்படாதே. நான் உன் பக்கத்தில்தான் உட்காரப் போகிறேன், என் கிண்ணம் இருக்கிறது.

கடைசியாக ஒன்று. நீ எல்லாவற்றையும் எழுதியிருக்கிறாய். தாள் கையில் ஒட்டியது, மூலை மடிந்தது, அந்த ஆள் இரண்டு தடவை எண்ணினார், பாதிச் சாப்பாட்டை மூடினார், எல்லாம் இருக்கிறது. எத்தனை என்பதை மட்டும் எழுதவில்லை. நான் வருத்தப்படுவேன் என்று விட்டிருப்பாய். நாலு நாளும் கோபத்துக்கு நடுவில் அதையே யோசித்துக்கொண்டிருந்தேன். சலவைக்கூடத்தில் நின்றபடி மனசுக்குள் உன் கையை ஓட்டிப் பார்த்தேன். ஆறா, ஏழா, அதற்கும் மேலேயா? எனக்குத் தெரிய வேண்டும். கடிதத்தில் எழுதாதே. ஸ்டேஷனுக்கு வா. பெட்டியைக் கையில் வாங்குவதற்கு முன்னால், என் முகத்தைப் பார்த்துச் சொல்.

உன் கைகளுக்கு ஒரு குறையும் வராமல் நீ நலமாக இருக்க வேண்டும்.

அண்ணி